நாங்கள் செல்லோ பழகுகிறோம்

மனிதர்களில் எத்தனையோ ரகம் உண்டு. செல்லோக்காரியின் அப்பா என்பவர் தனி ரகம். வயலின்காரியின் அப்பாவை இவரோடு சேர்த்துவிடாதீர்கள். அவர் பெட்டியை மகள் கையில் கொடுத்துவிட்டுக் காப்பி குடிக்கப் போய்விடுவார். செல்லோ அப்படியா? வயலினுக்குப் பெரியண்ணன், ஆளுயரப் பெட்டி. சுமக்க ஒரு முதுகு வேண்டும். முதுகைக் கொடுத்தவர் மெல்ல மெல்லத் தலையையும் கொடுப்பார், பிறகு வாயையும் கொடுப்பார்.

எங்கள் பார்க்கிசிமேத்தோ ஊர் இளையோர் இசைக்குழுவில் இந்த ரகத்துக்கு அப்பழுக்கற்ற உதாரணம் ரிகோபெர்த்தோ. டயருக்குப் பஞ்சர் ஒட்டுகிறவர். நான் அதே குழுவில், வயலினைவிடச் சற்றே பெரிய வயோலா வாசிக்கிறேன். வயோலாவை யாரும் கவனிப்பதில்லை. ஆகவே எல்லோரையும் கவனிக்க எனக்கு நேரம் இருக்கிறது.

பஸ்ஸில் செல்லோ ஜன்னலோரம் உட்கார்ந்து வரும், இவர் நின்றுகொண்டு வருவார். மகள் யுராய்மா சாதகம் செய்யும்போது ஐஸ் வண்டிக்காரன் மணியடிக்கக் கூடாது, தெருவில் பந்து உருளக் கூடாது, அடுத்த வீட்டுச் சேவல் கூவக் கூடாது. சேவலுக்குச் சொந்தக்காரி எதில்மா ஒருநாள் பொறுக்காமல் கேட்டேவிட்டாள்: "சேவல் வாயை நான் கட்டிடறேன் ரிகோ. உன் வாயை யாருப்பா கட்டறது?"

யுராய்மாவிடம் நேரடியாக நலம் விசாரிக்க முடியாது. அவள் வாய் திறப்பதற்குள் பதில் வந்துவிடும். "நாங்க இப்ப தந்தியில விரலை நடுக்கி வாசிக்கப் பழகறோம். இடது கட்டைவிரல்தான் கொஞ்சம் மக்கர் பண்ணுது." யாருடைய கட்டைவிரல்? அவருடையதில் டயர் பசையல்லவா ஒட்டியிருக்கிறது!

இப்படியிருக்கையில் தேசிய இளையோர் குழுவுக்கு ஆள் எடுக்கத் தலைநகரிலிருந்து நடுவர்கள் வருவதாகச் செய்தி வந்தது. செல்லோவுக்கு ஒரே இடம். அடுத்த வருஷம் யுராய்மாவுக்கு வயது கடந்துவிடும். கிடைத்தால் தலைநகர் கராகஸ்; கிடைக்காவிட்டால் அப்பாவின் டயர் கடை. அந்தப் பெண் தூக்கத்தில்கூட வில் பிடித்தாள்.

பெரிய மனிதர்கள் வந்தால் தரைக்கு மெழுகு போட்டு, குனிந்தால் முகம் தெரிகிறாற்போலத் தேய்ப்பது எங்கள் ஊர் மரியாதை. ரிகோபெர்த்தோ, ஒருவரும் கேட்காமலே, தேர்வு நடக்கவிருந்த மாதா கோயில் பள்ளிக்கூடத்து மேடை முழுக்கத் தனி ஆளாக மெழுகு போட்டுத் தேய்த்தார். டிரம்பெட் பையன்கள் புகழ்ந்தார்கள். டிரம்பெட்டுக்குத் தரையில் என்ன வேலை?

செல்லோவுக்கு வேலை உண்டு. அடியில் நீட்டியிருக்கும் இரும்பு முனையைத் தரையில் ஊன்றித்தான் வாசிக்க வேண்டும். தேர்வன்று, மரத்தரைதானே, முனை குத்தி நிற்கும் என்று, வழுக்காமல் பிடிக்கும் பட்டையை யுராய்மா எடுத்து வரவில்லை. முதல் வில் இழுத்தாள். செல்லோ நடுவர்களை நோக்கிப் புறப்பட்டது. இழுத்து வைத்தாள். மறுபடியும் புறப்பட்டது.

"நேரம் போகுதும்மா," என்றார் நடுவரம்மா.

திரைக்குப் பின்னாலிருந்து ஓர் அலறல்: "ஐயோ, நாங்க வழுக்கறோமே!"

"யாரது?"

"எங்கப்பா," என்றாள் யுராய்மா. அழுதுவிடுவாள் என்று பயந்தேன். அவள் திரும்பி, "அப்பா, இங்க வாங்க. கீழ உக்காருங்க. இந்த முனையைக் கெட்டியாப் பிடிங்க. மூச்சு விடலாம், பேசக் கூடாது," என்றாள்.

பிடித்தார். மேடை நடுவில் சம்மணமிட்டு, ரெண்டு கையாலும், மகளின் செருப்பைப் பார்த்தபடி. அவள் வாசித்தாள். அந்தக் கட்டைவிரல் எந்த மக்கரும் பண்ணவில்லை. இத்தனை வருஷம் பெட்டியைச் சுமந்த மனிதர், வாயை மூடி மகள் வாசிப்பைக் கேட்டது அன்றைக்குத்தான்.

"இடம் உனக்குத்தான்," என்றார் நடுவரம்மா. பிறகு கீழே எட்டிப் பார்த்து, "கராகஸ்ல பிடிக்க ஆள் வேண்டியிருக்காது," என்றார்.

ரிகோபெர்த்தோ அசையவில்லை.

"விடுங்கப்பா. முடிஞ்சிருச்சு."

"பிடிச்சிட்டுதானேம்மா இருக்கேன்."

"அதான் சொல்றேன். விடுங்க."

பாவம், விரல்களை ஒவ்வொன்றாக அவளே பிரித்துவிட வேண்டியிருந்தது.

சிரிக்கிறீர்களா? தாராளமாகச் சிரியுங்கள். ஒன்றை மட்டும் சொல்லிவிட்டுச் சிரியுங்கள்: இன்று காலை பள்ளிக்கூட வாசலில், மணி அடித்த பிறகும், பிள்ளையின் பையைத் தோளைவிட்டு இறக்காமல் நின்றிருந்தது யார்?