நடிக்கக் கூடாதாம்

என் மனைவியின் அண்ணனுக்கு ஒரே பல்லவி: "மாப்பிள்ளை வீட்டுல ஒரு துரும்பைக்கூட நகர்த்த மாட்டார்." கல்யாண வீடோ துக்க வீடோ, இதைச் சொல்லாமல் அவர் கை நனைக்க மாட்டார். அந்த வாயை அடைக்க எனக்கு ஒரு வாய்ப்பு வந்தது.

நான் மின்விசிறி ரிப்பேர் செய்கிறவன். சாதாரண மனிதர்களை வைத்து ஆவணப்படம் எடுக்கும் ஒரு பெண் கடைக்கு வந்து, "உங்க கடை, வீடு ரெண்டையும் எடுக்கணும் அண்ணா. ஆனா நடிக்கக் கூடாது. தினமும் செய்றதைத்தான் செய்யணும்" என்றாள்.

வீட்டுக்கு ஓடினேன்.

"இதோ பாரு, ஒரே ஒரு நாள். சமையல், பாத்திரம், துணி எல்லாம் நான். தினமும் இப்படித்தான்னு நீ சொல்லணும்."

"பொய் சொல்லச் சொல்றீங்களா?"

"சும்மா தலையாட்டினா போதும்."

"சரி, ஆட்டுறேன்."

இவ்வளவு சுலபமாக அவள் எதற்கும் சரி சொன்னதில்லை. அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

படப்பிடிப்பு பிரமாதம். வெங்காயம் நறுக்கி அழுதேன், அதையும் எடுத்தாள். மறுநாள் காலை நாற்காலியில் சாய்ந்தேன். மனைவி கரண்டியை நீட்டினாள்.

"அதான் நேத்தோட முடிஞ்சுதே?"

"யார் சொன்னது? இன்னும் வருவாங்களாம். எந்த நாள், எந்த நேரம்னு சொல்ல மாட்டாங்களாம். சொன்னா நீங்க நடிச்சிடுவீங்களாம்."

சொன்னபடியே அந்தப் பெண் கேமராவோடு திடீர் திடீரென வந்து நின்றாள். ஒருநாள் நான் பெருக்கும்போது, ஒருநாள் ஜட்டி அலசும்போது. எப்போது வருவாளோ என்று தினமும் எல்லாவற்றையும் செய்தேன். இப்படியே நாலு மாதம் ஓடியது.

நேற்று பாத்திரம் தேய்க்கும்போதுதான் கவனித்தேன். கேமராவில் சிவப்பு விளக்கே எரியவில்லை.

"பேட்டரி தீர்ந்துபோச்சாம்மா?"

அவள் நெளிந்தாள். "படம் முதல் வாரமே முடிஞ்சிடுச்சு அண்ணா. அக்காதான், அப்பப்போ கேமராவைத் தூக்கிட்டு வா, மதியச் சாப்பாடு போடறேன்னாங்க. படத்துல நீங்க வெங்காயத்துக்கு அழுதது மட்டும் வருது."

நுரைக் கையோடு மனைவியிடம் போனேன். "நாலு மாசமா என்னை ஏமாத்தியிருக்கே. இனிமே இந்தக் கை ஒரு துரும்பைக்கூடத் தொடாது."

"தொட வேண்டாம், விடுங்க" என்றாள் சாவகாசமாக. "அண்ணனுக்கு மட்டும் போன் பண்ணிச் சொல்லிடறேன். படத்தைப் பார்த்துட்டு, மாப்பிள்ளையைத் தப்பா பேசிட்டேனேன்னு கலங்கிப் போயிட்டார். நாளைக்குக் குடும்பத்தோட வந்து நேர்லயே பார்க்கணுமாம். பாவம், எதுக்கு வீணா அலையணும்?"

அவள் போனை எடுத்தாள். நான் பிடுங்கிக் கீழே வைத்தேன்.

"மொத்தம் எத்தனை பேருக்குச் சமைக்கணும்?" என்றேன்.