பின் இடது சக்கரம் குறித்து மாப்பிள்ளைக்கு ஒரு மேல்முறையீடு

மதிப்பிற்குரிய மாப்பிள்ளை அவர்களுக்கு, மாமனார் ஆசிகளுடன் எழுதிக்கொள்வது. இங்கே என் வலது முழங்காலைத் தவிர மற்றவை யாவும் நலம். அங்கே நீங்களும், என் மகளும், பேரனும், புதிதாக வாங்கிய ஸ்கூட்டரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். அதன் பின் டயரில் காற்று குறைவாக இருப்பதைப் போன தடவையே சொல்லியிருப்பேன். உங்கள் அத்தை முறைத்ததால் சொல்லவில்லை.

நிற்க. உங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில், உங்களை நடுவராக வைத்து, எனக்கும் உங்கள் அத்தைக்கும் ஏற்பட்ட ஒப்பந்தம் தங்களுக்கு நினைவிருக்கும். பேருந்து ஓட்டுவதிலிருந்து ஓய்வு பெற்ற நாளிலிருந்து நான் வீட்டை ஓட்ட ஆரம்பித்துவிட்டேன் என்பது அவள் புகார். அவள் அடுப்பைப் பற்றவைத்தால் மெதுவாக ஏற்று, மெதுவாக ஏற்று என்கிறேனாம். துடைப்பத்தோடு அறையை விட்டு வெளியே வந்தால் இடது பக்கம் ஆள் நிற்குது, பார்த்துத் திரும்பு என்கிறேனாம். தூக்கத்தில் அவள் முழங்கையைப் பிடித்துக் கியர் போடுகிறேனாம். இதில் கடைசிக் குற்றச்சாட்டை மட்டும் நான் ஒப்புக்கொள்கிறேன். அன்று அவள் சொன்னதற்கு நீங்களே சாட்சி. “ஒரு நாள், ஒரே ஒரு நாள் இந்த மனுஷன் என் பக்கத்துல பயணியா உக்காந்து, ரோட்டைப் பத்தியோ வண்டியைப் பத்தியோ ஒரு வார்த்தை பேசாம வரட்டும். வந்துட்டா நான் அவரோட வீட்டுக்குப் போறேன். இல்லைன்னா இங்கேயே என் மகளோட இருந்துக்கறேன். அவர் அந்த வீட்டை எங்க வேணா ஓட்டிக்கிட்டுப் போகட்டும்” என்றாள். நீங்கள்தான் சிரித்துக்கொண்டே, கடலும் நகரமும் ஒரே நாளில் சுற்றிக் காட்டும் பேருந்தில் எங்கள் இருவருக்கும் இடம் பதிவு செய்து கொடுத்தீர்கள். உங்கள் நல்ல மனதுக்கு நன்றி. அந்தச் சிரிப்பை மட்டும் நான் மறக்கவில்லை.

பயணம் நேற்று முடிந்தது. உங்கள் அத்தை என்னோடு வீட்டுக்கு வந்தாள். ஆனால் பெட்டியைத் திறக்கவில்லை. கூடத்தின் நடுவில் அது பூட்டியபடியே நிற்கிறது. நான் அதைச் சுற்றிக்கொண்டுதான் குடிக்கத் தண்ணீர் எடுக்கப் போகிறேன். நான் ஒரு வார்த்தை பேசிவிட்டேன், ஒப்பந்தம் முறிந்தது என்கிறாள். அந்த வார்த்தை ஒப்பந்தத்தில் சேராது என்பது என் வாதம். நடுவர் என்ற முறையில் தாங்கள் நடந்ததை முழுக்கப் படித்துவிட்டு, மாமியாருக்குப் பயப்படாமல் தீர்ப்பு வழங்கவேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். எனக்கு அந்தப் பெட்டி திறந்தாகவேண்டும், மாப்பிள்ளை. அவள் இல்லாத வீட்டில் நான் யாரிடம் போய் இடது பக்கம் பார்த்துத் திரும்பு என்று சொல்வேன்?

காலையில் வண்டி ஏறும்போதே ஒரு முடிவுக்கு வந்திருந்தேன். ரோட்டையும் வண்டியையும் பற்றிப் பேசாமல் இருப்பது என்னால் ஆகாத காரியம். எதைப் பேச ஆரம்பித்தாலும் என் பேச்சு அங்கேதான் போய் நிற்கும். ஆகவே எதைப் பற்றியும் வாயே திறப்பதில்லை, என்ன ஆனாலும் சரி, ஒரு கை பார்த்துவிடுவது என்று பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்தேன். அவளுக்கு ஜன்னல், எனக்கு நடைபாதைப் பக்கம். ஓட்டுநர் சின்னப் பையன். ஒரு கையில் ஸ்டியரிங், இன்னொரு கை தலைமுடியில். நான் கண்ணை மூடிக்கொண்டேன். கண்ணை மூடலாம், காலை என்ன செய்வது? முதல் சிக்னலில் அவன் பிரேக் போடத் தாமதித்த அந்த ஒரு நொடியில் என் வலது கால் தானாகவே பாய்ந்து மிதித்துவிட்டது. அங்கே பிரேக் இல்லை, முன் இருக்கைத் தொப்பிக்காரர் கீழே வைத்திருந்த தேநீர்க் குடுவை இருந்தது. அவர் திரும்பிப் பார்த்தார். நான் காலைக் காட்டி, நெஞ்சைத் தொட்டு, கையாலேயே மன்னிப்புக் கேட்டேன். அடுத்த சிக்னலில் மறுபடியும் கேட்டேன். அதற்கடுத்த சிக்னலில் அவர் குடுவையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

நகரத்தைத் தாண்டியதும் ஒரு மேடு. வண்டி முக்கி முனகி ஏறுகிறது, பையன் கியரை மாற்றவே இல்லை. எஞ்சின் கதறுவது எனக்குக் கேட்கிறது, அவனுக்குக் கேட்கவில்லை. கைக்குட்டையை வாயில் வைத்து அடைத்துக்கொண்டேன். கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. துறைமுகத்தில் இறங்கும்போது எட்டிப் பார்த்தால், அந்த வண்டியில் கியர்க் கம்பியே கிடையாது, எல்லாம் தானாகவே மாறிக்கொள்கிறதாம். இல்லாத கியருக்காக நான் அழுதிருக்கிறேன். இதை என் கூட வேலை பார்த்தவர்கள் யாரிடமும் சொல்லிவிடாதீர்கள்.

துறைமுகத்தில் எல்லோரும் கப்பல் பார்த்தார்கள். நானும் பார்க்கத்தான் போனேன், ஆனால் இத்தனை வருஷப் பழக்கம், வண்டி நின்றால் ஒரு சுற்றுச் சுற்றி டயரை உதைத்துப் பார்க்காமல் எனக்குக் கால் நகராது. உதைப்பது பேச்சில் சேராது என்பதை நடுவர் கவனிக்கவும். நான் உதைப்பதைப் பார்த்த ஒரு அம்மாள், என்னை வண்டி ஆள் என்று நினைத்துத் தன் பையை என் கையில் கொடுத்துவிட்டுப் போனார். இன்னொருவர் வந்து வண்டி எப்போது கிளம்பும் என்றார். தெரியும், ஆனால் அது வண்டியைப் பற்றிய பேச்சு. வானத்தைக் காட்டினேன். அவர் வானத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, மைக்கும் மஞ்சள் கொடியுமாக எங்களை அழைத்துப்போன வழிகாட்டிப் பெண்ணின் காதில் போய் ஏதோ சொன்னார். அந்தப் பெண் நேராக உங்கள் அத்தையிடம் வந்து, “அம்மா, ஐயாவுக்குப் பேச்சு வராதா?” என்று கேட்டாள். உங்கள் அத்தை என்ன சொல்லியிருக்க வேண்டும்? இல்லையம்மா, நன்றாகப் பேசுவார் என்று சொல்லியிருக்க வேண்டும். அவள் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “காலையிலிருந்துதான்மா இப்படி. எனக்கும் ஒரு நிம்மதி” என்றாள்.

அதன்பிறகு என் நிலைமையைக் கேட்காதீர்கள். அருங்காட்சியகத்தில் அந்தப் பெண் மற்றவர்களுக்கு வாயால் விளக்கியதை எனக்குக் கையால் விளக்கினாள். திமிங்கல எலும்புக்கூட்டுக்கு முன்னால் இரண்டு கையையும் விரித்து, கன்னத்தை உப்பவைத்து, தரையில் புரளாத குறை. நானும் மரியாதைக்குக் கன்னத்தை உப்பவைத்துக் காட்டினேன். எல்லா வரிசையிலும் என்னை முன்னால் விட்டார்கள். தொப்பிக்காரர் தன் குடுவைத் தேநீரில் பாதியை எனக்கு ஊற்றிக் கொடுத்தார். இத்தனை அன்பையும் வாங்கிக்கொண்டு நான் திருடனைப் போல உட்கார்ந்திருந்தேன். வாயைத் திறந்து உண்மையைச் சொல்லலாம், ஆனால் திறந்தால் முதலில் அந்தப் பையன் வளைவில் வண்டியைத் திருப்பிய லட்சணம்தான் வெளியே வரும்.

கலங்கரை விளக்கத்தில் படியேறி உச்சிக்குப் போனோம். நாலு பக்கமும் கடல், கப்பல், தீவு என்று எல்லோரும் வாய்பிளந்து நிற்க, என் கண் நேரே கீழே போய் நம் வண்டியில் விழுந்தது. சரிவில் நிறுத்தியிருக்கிறான், முன் சக்கரத்தை ஓரமாக ஒடிக்காமல், நேராக விட்டுவிட்டுப் போயிருக்கிறான். உங்கள் அத்தை பக்கத்தில் வந்து என்ன பார்க்கிறீர்கள் என்றாள். நான் கடலைக் கையால் காட்டினேன். நாள் முழுக்க நான் சொன்ன பொய் அது ஒன்றுதான், அதுவும் கையால் சொன்னது.

இனிமேல்தான் வழக்கின் முக்கியப் பகுதி, தயவுசெய்து என் மகளைக் கூப்பிடாமல் தனியாகப் படியுங்கள். கலங்கரை விளக்கத்திலிருந்து கடற்கரைச் சாலைக்கு நீளமான இறக்கம். ஒரு பக்கம் பாறை, மறுபக்கம் தாழ்வான சுவர், சுவருக்கு அந்தப் பக்கம் கடல். பாதி இறக்கத்தில் எனக்கு வாசனை அடித்தது. பிரேக் லைனர் கருகும் வாசனை. எங்கோ ஒரு சக்கரத்தில் பிரேக் பிடித்துக்கொண்டு விடாமல் தேய்கிறது, இன்னும் கொஞ்சம் சூடேறினால் பிரேக்கே இல்லாமல் போகும். வழிகாட்டிப் பெண் வலது பக்கம் பாருங்கள், இடது பக்கம் பாருங்கள் என்கிறாள். வண்டி நிறையக் குழந்தைகள். வாயைத் திறந்தால் என் வீடு காலி. திறக்காவிட்டால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும், மாப்பிள்ளை, என்னைவிட யாருக்குத் தெரியும். போனால் போகட்டும், அவள் மகள் வீட்டிலேயே இருக்கட்டும், உயிரோடு இருக்கட்டும் என்று முடிவு கட்டி, மறுபடியும் வாயில் அடைத்திருந்த கைக்குட்டையை எடுத்தேன்.

அதற்குள் உங்கள் அத்தை என் முழங்காலைத் தள்ளிக்கொண்டு எழுந்துவிட்டாள். “தம்பி, லைனர் கருகுது. ஓரமா நிறுத்துப்பா” என்றாள், அவ்வளவு பெரிய குரல் அவளுக்கு உண்டு என்று எனக்கு அன்றுதான் தெரியும். என் காக்கிச் சட்டையை இத்தனை வருஷம் துவைத்தவளுக்கு அந்த வாசனை தெரியாமல் இருக்குமா? பையனும் அதட்டலுக்குப் பயந்தோ என்னவோ, அகலமான இடமாகப் பார்த்துச் சுவரோரம் நிறுத்திவிட்டான். நல்லபடியாகத்தான் நிறுத்தினான், அதையும் சொல்லவேண்டும். திரும்பிப் பார்த்து, “எந்தச் சக்கரம்மா?” என்றான். அவளுக்கு அது தெரியவில்லை. என்னைப் பார்த்தாள். அவள் பார்த்ததால் வண்டியே என்னைப் பார்த்தது.

“பின் இடது” என்றேன்.

இவ்வளவுதான் நான் பேசியது. ஆனால் வண்டிக்குள் எழுந்த ஆரவாரத்தைக் கேட்டிருக்க வேண்டும். தொப்பிக்காரர் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, பேசிட்டார், பேசிட்டார் என்று அழுதே விட்டார். வழிகாட்டிப் பெண் இந்தக் கடற்காற்று அப்படிப்பட்டது என்று மைக்கில் அறிவித்தாள். பிரேக் போன விஷயம் ஒருவருக்கும் நினைவில்லை. பின்னால் இருந்த ஒருவர் தன் மாமனாரையும் அடுத்த வாரம் அழைத்து வரப்போவதாகச் சொன்னார்.

மெக்கானிக் வந்து சேர வெகுநேரம் ஆயிற்று. ஆண்கள் எல்லோரும் சக்கரத்தைச் சுற்றி நின்றார்கள். நான் நின்றேனா? கேளுங்கள். ஒப்பந்தத்தை மதித்து, வண்டிக்கு முதுகைக் காட்டி, சுவர் மேல் உட்கார்ந்து கடலைப் பார்த்தேன். ஜாக்கி ஏறும் சத்தம், நட்டு கழலும் சத்தம், பிரேக் டிரம்மைத் தட்டும் சத்தம் ஒவ்வொன்றும் என் முதுகில் வந்து விழுகிறது, ஒரு தடவை கூடத் திரும்பவில்லை. இந்தச் சாலையில் எத்தனையோ முறை வண்டி ஓட்டியிருக்கிறேன், ரோட்டை விட்டுக் கண்ணை எடுத்ததில்லை என்பதால் கடலை நிதானமாகப் பார்த்தது அன்றுதான். நன்றாகத்தான் இருக்கிறது. ஓயாமல் கிளம்புகிறது, எங்கேயும் போவதில்லை. உங்கள் அத்தை இதோ வருகிறேன் என்று போனவள் வண்டி கிளம்பும் வரை வரவில்லை. பக்கத்தில் அவள் உட்கார்ந்திருந்தால் இன்னும் நன்றாக இருந்திருக்கும்.

இப்போது சொல்லுங்கள். முதலில் வண்டியைப் பற்றிப் பேசியது யார்? அவள். கேள்வி கேட்டது ஓட்டுநர், கண்ணால் அனுமதி கொடுத்தது அவள், கேட்டதற்குப் பதில் சொல்வது எப்படிப் பேச்சாகும்? எல்லாவற்றுக்கும் மேலாக, நான் சொன்னது சரியான வார்த்தை. என் சர்வீஸில் என் மூக்கு ஒரு நாளும் பொய் சொன்னதில்லை. சரியாகச் சொன்னவனைத் தண்டித்தால் நாளைக்கு எவன் வாயைத் திறப்பான்? இந்த வாதத்தின் பேரில்தான் என் வழக்கு முழுக்க நிற்கிறது. இதில் நான் ஒரு அங்குலமும் இறங்கி வரமாட்டேன்.

என் மகளுக்கு என் அன்பு. பேரனுக்கு முத்தங்கள். உங்கள் குடும்பம் எந்த மேட்டிலும் மூச்சு வாங்காமல், எந்த வளைவிலும் தடுமாறாமல், வெகுதூரம் நன்றாகப் போகவேண்டும் என்று வாழ்த்தி, தங்கள் தீர்ப்பை எதிர்பார்க்கும்,

தங்கள் மாமனார்.

பின்குறிப்பு: உறையை ஒட்டுவதற்குள் உங்கள் அத்தை கடிதத்தை வாங்கிப் படித்துவிட்டாள். திமிங்கலம் வரும் இடத்தில் சிரித்தாள். கடைசிக்கு வந்ததும், “பின் இடது இல்லைங்க, பின் வலது” என்றாள். உனக்கென்ன தெரியும் என்றேன். நான் கடலைப் பார்த்துக்கொண்டிருந்த நேரமெல்லாம் அவள் மெக்கானிக் பக்கத்தில், கழற்றிய நட்டுகளைத் தன் கைப்பையில் வாங்கிப் போட்டுக்கொண்டு நின்றாளாம். என் பேச்சைக் கேட்டு முதலில் இடதைக் கழற்றி, அது பச்சைத் தண்ணீர் போலக் குளிர்ந்து இருக்க, பிறகுதான் வலதைக் கழற்றினார்களாம். அவ்வளவு நேரம் ஆனதே அதனால்தானாம். பெரியவர் மனசு கஷ்டப்படும், சொல்லாதீங்க என்று அந்த ஓட்டுநர்ப் பையன்தான் எல்லோரிடமும் கேட்டுக்கொண்டானாம். பிறகு அவளே தீர்ப்பும் சொன்னாள். “தப்பா சொன்னா அது டிரைவர் பேச்சு இல்லை, பயணி பேச்சு. பயணி என்ன வேணா உளறலாம், ஒப்பந்தம் முறியாது. இடதுதான்னு நீங்க நின்னா, நீங்க டிரைவர், நான் கிளம்பறேன். இப்ப சொல்லுங்க, எந்தச் சக்கரம்?” என்று பெட்டிப் பூட்டில் சாவியை வைத்துக்கொண்டு நின்றாள். மாப்பிள்ளை, என் மூக்கின் மேல் ஆணையாகச் சொல்கிறேன், அது பின் இடது. ஆனால் வலது என்று சொல்லிவிட்டேன். பெட்டி திறந்தாகிவிட்டது, புடவைகளை அலமாரியில் அடுக்கிக்கொண்டிருக்கிறாள். ஆகவே மேற்படி மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்துவிட்டு, கடிதத்தில் நான் இடது என்று வாதாடிய இடத்திலெல்லாம் வலது என்று திருத்திப் படித்துக்கொள்ளவும்.