ஹரிதாவை அழைத்துவரப் போனது

ஜாம்பளேவாடி,
கோலாப்பூர் ஜில்லா,
11ம் தேதி, செவ்வாய் மத்தியானம்

மதிப்புக்கும் கொஞ்சம் பயத்துக்கும் உரிய பத்ரிநாராயணன் அத்திம்பேருக்கு, வேங்கடசுப்ரமணியன் அநேக நமஸ்காரம் செய்து எழுதிக்கொண்டது. இவ்விடம் நான் க்ஷேமம். செம்பூரில் என் அகமுடையாள் அகிலாண்டமும் க்ஷேமம் என்றே நம்புகிறேன். விசாரிக்க வழியில்லை, என் போன் நேற்றுக் காலை எருமைத் தண்ணீர்த் தொட்டிக்குள் போய்விட்டது. பாலக்காட்டில் நீங்களும் அக்காவும் சௌக்கியமாக இருக்க பகவானைப் பிரார்த்திக்கிறேன். ஹரிதாவின் போனில் உங்களைக் கூப்பிடலாம்தான், ஆனால் நான் சொல்லப்போவது அவள் காதில் விழக்கூடாத சமாசாரம். அதனால் கடிதம்.

நீங்கள் பார்த்து வைத்த பெங்களூர் வரன் 23ம் தேதி ஞாயிற்றுக்கிழமை செம்பூருக்குப் பெண் பார்க்க வருகிறது, அன்றைக்குப் பெண் வீட்டில் இருந்தாக வேண்டும், போனில் சொன்னால் அவள் கேட்கமாட்டாள், நீயே நேரில் போய்க் கையோடு அழைத்து வா என்று உத்தரவு போட்டீர்கள். நியாயமான உத்தரவு. செம்பூரில் ஏ.சி. கிளினிக்கில் உட்கார்ந்து நாய்க்குட்டிகளுக்கு வைத்தியம் பண்ணிக்கொண்டிருந்தவள், ஏழு மாசத்துக்கு முன்னால் பால் சங்கத்தில் மாட்டு டாக்டர் உத்தியோகம் என்று கிளம்பி வந்தபோது, ஆறே மாசத்தில் தெளிந்துவிடும் என்று நீங்கள்தான் சொன்னீர்கள். தெளியவில்லை. ஆகவே சனிக்கிழமை ரயிலேறினேன், திரும்பி வர வியாழக்கிழமைக்கு இரண்டு பேருக்கும் டிக்கெட் எடுத்து வைத்துக்கொண்டு.

கோலாப்பூர் வரைக்கும் ஒரு குறையும் இல்லை. அங்கிருந்து சிவப்பு பஸ். கண்டக்டர் என்னைப் பார்த்து ஏதோ நீளமாகச் சொன்னார், பம்பாய் செம்பூரில் முப்பத்தெட்டு வருஷம் இருந்து நான் கற்றுக்கொண்ட மராட்டி 'ஆஹே', 'நாஹி', அதாவது ஆமாம், இல்லை, இரண்டுதான், அதில் 'ஆஹே' மரியாதையாகப் பட்டதால் அதைச் சொன்னேன், அவர் என்னை எங்கேயோ ஒரு கரும்புக் காட்டு முக்கில் இறக்கிவிட்டுப் போய்விட்டார். அங்கிருந்து வடாப். வடாப் என்றால் நம்ம ஷேர் ஆட்டோ மாதிரி ஷேர் ஜீப், ஒன்பது பேர் உட்காருகிற வண்டி, நாங்கள் பதினேழு பேர், அதுபோக என் மடியில் யாருடையதோ ஒரு சேவல். அதுவும் ஜாம்பளேவாடிக்கு மூணு கிலோமீட்டர் முன்னாடியே நின்னுடுத்து. அப்புறம் பால் வண்டி வந்தது. கேன்களுக்கு நடுவில் உட்காரச் சொன்னான் டிரைவர், உட்கார்ந்தேன். என் சட்டைப் பையில் இரண்டு பேனா, கையில் தோல் பை, கண்ணாடி. வழியில் பால் ஊற்ற நின்றவர்களெல்லாம் என்னை சங்கத்து இன்ஸ்பெக்டர் என்று நினைத்துவிட்டார்கள் போலிருக்கு. ஒவ்வொரு வாசலிலும் ஒரு டம்ளர் பாலை நீட்டி, நான் குடிக்கிறவரைக்கும் முகத்தையே பார்த்துண்டு நிக்கறா. நாஹி என்றால் அந்த அம்மாள்களுக்கு முகம் வாடிப்போகிறது. ஆஹே என்றால் இன்னொரு டம்ளர். ஆறு வாசல், எட்டு டம்ளர், எல்லாம் பச்சை எருமைப் பால். ஹரிதா வீட்டு வாசலில் இறங்கினபோது வயிறு பானை மாதிரி இருந்தது. அவள் என் வயிற்றை ரெண்டு தட்டு தட்டிப் பார்த்துட்டு, "ஒண்ணுமில்லப்பா, மாடாயிருந்தா ஊசி போட்டிருப்பேன்" என்றாள்.

அவள் இருப்பது தானாஜி என்கிறவர் வீட்டு மாடியில் ஒரு அறை. பதினோரு எருமை அவருக்கு. அவர் சம்சாரம் ஷாலன்பாய் கையால்தான் சாப்பாடு. சோள மாவைக் கையாலேயே தட்டித் தட்டி ரொட்டி, பாக்ரி என்கிறார்கள், தொட்டுக்கொள்ளக் கடலைமாவுக் கூழ் மாதிரி பிட்லா, பச்சை மிளகாயும் பூண்டும் இடித்த தேச்சா. பூண்டு நமக்கு ஆகாதே என்று ஹரிதாவைச் சொல்லச் சொன்னேன். அவள் என்ன சொன்னாளோ, அந்த அம்மாள் தேச்சாவை என் தட்டில் இரட்டிப்பாக வைத்தாள். மனம் கேட்காமல் சாப்பிட்டேன். அத்திம்பேர், அக்காவுக்கு இதைப் படித்துக் காட்ட வேண்டாம். தயிரைத் தட்டில் கவிழ்த்தால் நின்ற இடத்தில் நிற்கிறது, கத்தியால்தான் வெட்டணும் போலிருக்கு.

இப்போது நேற்று நடந்ததைச் சொல்கிறேன். காலையில் பத்து மணிக்கு விஷயத்தை ஆரம்பிக்கலாம் என்று தொண்டையைச் செருமினேன், கீழே தொழுவத்திலிருந்து தானாஜி "டாக்டர், டாக்டர்" என்று கத்தினார். கன்று போட இருந்த எருமை காலையிலிருந்து முக்கிக்கொண்டிருக்கிறது, கன்று வெளியே வரவில்லை. ஹரிதா ஓடினாள், நானும் ஓடினேன். அவள் தோள்வரைக்கும் உறை மாட்டிண்டு, கையை உள்ளே விட்டுட்டு, கண்ணை மூடிண்டு தேடறா. பிறகு, "ஒரு கால் பின்னாடி மடங்கிக் கிடக்கு" என்றாள். அது மராட்டியில் சொன்னது, ஆனாலும் எனக்குப் புரிந்தது. சுற்றி எட்டுப் பத்து ஆண்கள், எல்லாரும் மாடுகளுக்கு நடுவிலேயே பிறந்து வளர்ந்தவர்கள், அவள் சொல்லுக்குக் காத்துக்கொண்டு நிற்கிறார்கள். என்னைப் பார்த்து, "அப்பா, நீ வந்து வாலைப் பிடிச்சுக்கோ, விடாதே" என்றாள். பிடித்துக்கொண்டேன். குனிந்ததில் போன் தொட்டிக்குள் விழுந்தது, விழுந்த சத்தமும் கேட்டது, நான் விடவில்லை. கன்றை உள்பக்கமாகத் தள்ளி, குளம்பைக் கைக்குள் மூடி, மடங்கின காலை நேராக்கி, கயிறு கட்டி, எருமை முக்குகிறபோது மட்டும் இழுக்கச் சொல்லி, இருபத்தைந்து நிமிஷம். அவள் நெற்றியில் வேர்வை வழிந்து கண்ணுக்குள் போகிறது, துடைக்கக் கையில்லை. நான் என் அங்கவஸ்திரத்தால் துடைத்தேன். கன்று விழுந்து மூச்சு விடாமல் கிடந்தது. மூக்கில் வைக்கோலை விட்டுக் கிண்டினாள், தேய்த்தாள், அது தும்மிற்று. தானாஜி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

கன்று வயிறு நிறையக் குடித்த பிறகுதான் யாரும் கறக்கலாம் என்று ஹரிதா பிடிவாதமாக நின்றாள். மிச்சம் கறந்த சீம்பாலை இங்கே விற்கிற வழக்கமில்லை. வெல்லமும் ஏலக்காயும் போட்டு வேகவைத்து, கர்வஸ் என்று இந்த வாடி, அதாவது குக்கிராமம், முழுக்கக் கொடுத்தனுப்புகிறார்கள். முதல் தட்டு டாக்டருக்கு, இரண்டாவது தட்டு வால் பிடித்தவருக்கு என்று ஷாலன்பாய் சொன்னதாகக் கேள்வி.

நிற்க. வந்த காரியத்தை நான் மறக்கவில்லை. நேற்று சாயங்காலம் தொழுவத்து வாசலில் வைத்து ஹரிதாவிடம் ரொம்பக் கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன். இந்த எருமையும் சாணியும் நமக்குச் சரிப்படாது, வியாழக்கிழமை என்னோடு கிளம்பு, 23ம் தேதி புடவை கட்டிக்கொண்டு ஹாலில் உட்கார், அத்திம்பேர் வாக்குக் கொடுத்திருக்கிறார் என்றேன். மறுபேச்சுப் பேசவில்லை, தலையாட்டிவிட்டாள். பிள்ளை வீட்டாருக்கு நீங்கள் தைரியமாக உறுதி சொல்லலாம்.

அக்காவுக்கு என் நமஸ்காரம். நீங்கள் மாத்திரையை வேளாவேளைக்குச் சாப்பிடவும். பெரியவர்கள் ஆசீர்வாதத்தில் சகலமும் நல்லபடி முடியும்.

இப்படிக்கு,
தங்கள் சொல்லைத் தட்டாத
வேங்கடசுப்ரமணியன்

பி.கு: எழுதினதை ஒரு தரம் படித்துப் பார்த்தேன். கண்டிப்பாகச் சொன்னேன் என்கிற பாராவை மட்டும் அடித்துவிட்டுப் படிக்கவும். சொல்லத்தான் போனேன். தலையாட்டினது ஹரிதா இல்லை, எருமை. ஹரிதாவிடம் நான் கேட்டது வேறே: "இங்கே உனக்கு எப்படிடி இருக்கு?" அவள் யோசித்துவிட்டு, "படுத்தா தூக்கம் வரதுப்பா" என்றாள். செம்பூரில் ரெண்டு வருஷமாக அவள் தூங்கவில்லை என்பது எங்கள் வீட்டில் மூணு பேருக்குத்தான் தெரியும், உங்களிடம் சொன்னதில்லை. அப்புறம் நான் எப்படி மீதியைச் சொல்வது. பிள்ளை வீட்டாருக்கு நீங்கள்தான் பக்குவமாக எழுத வேண்டும். 23ம் தேதி எனக்கும் சௌகரியப்படாது. அன்றைக்கு வாடியில் இருக்கிற மாடு எல்லாவற்றுக்கும் தடுப்பூசி, காதில் மாட்டியிருக்கிற பன்னிரண்டு இலக்க நம்பரைப் பார்த்து ரிஜிஸ்தரில் பிழையில்லாமல் எழுத ஆள் வேண்டுமாம். கேட்டார்கள். ஆஹே என்று சொல்லிவிட்டேன்.