ஆட்டோ முதுகில் என் தமிழ்

கம்ப்யூட்டர் ஒரு கேள்வி கேட்டால் அதை முழுசாகப் படித்துவிட்டுப் பதில் சொல்கிறவர்கள் ரொம்பக் கம்மி. திரையில் ஒரு பெட்டி எழும்பி ஏதோ கேட்கும். அது தொலைந்தால் போதும் என்று கைக்கு வந்த பொத்தானை அமுக்கிவிடுவோம். நான் அப்படி அமுக்கிய ஒரு பொத்தானால் ஒரு போலீஸ் இன்ஸ்பெக்டரும், ஒரு சங்கத் தலைவரும், அந்தச் சங்கத்தின் பொருளாளரும் தின்பண்டமாக மாறித் திருவண்ணாமலை முழுக்க வலம் வந்தார்கள்.

இரண்டாயிரம் பிறந்த புதிது. நான் பி.எஸ்சி. முடித்து, கம்ப்யூட்டரில் ஒரு டிப்ளமோவும் வாங்கிக்கொண்டு, கீழ்பென்னாத்தூரிலிருந்து தினமும் பஸ் ஏறி வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். தேரடி வீதிப் பக்கம் ஒரு மாடியில் டி.டி.பி. சென்டர். நோட்டீஸ், கல்யாணப் பத்திரிகை, கண்ணீர் அஞ்சலி எல்லாம் அடித்துக் கொடுப்போம். ஓனர் தாமோதரன் சார். இருந்த ஒரே ஆபரேட்டர் நான். மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, பயிர் வைக்கிற என் அப்பா, "எம்பொண்ணு கம்ப்யூட்டரையே ரிப்பேர் பண்ணுவா" என்று ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தார். (ரிப்பேர் ஆக்குவா என்று சொல்லியிருந்தால் பொருத்தமாக இருந்திருக்கும்.)

அந்தக் காலத்தில் தமிழ் எழுத்துக்கு ஆளுக்கொரு முறை. ஒரு ஃபான்ட்டில் அடித்ததை இன்னொரு ஃபான்ட்டில் திறந்தால் பூச்சி பூச்சியாகத் தெரியும். வெளியில் அடித்துக்கொண்டு வருகிறவர்களின் எழுத்தை எங்கள் எழுத்துக்கு மாற்ற ஒரு சின்ன கன்வெர்ட்டர் வைத்திருந்தோம். ஒரு பக்கம் பூச்சியைப் போட்டால் மறுபக்கம் தமிழ் வரும். எப்படி வருகிறது என்று நான் யோசித்ததே இல்லை. டிப்ளமோ வாங்கியவர்கள் அதையெல்லாம் யோசிக்கக் கூடாது என்று நினைத்திருந்தேன்.

ஒருநாள் முருகேசன் அண்ணன் ஒரு ஃப்ளாப்பியோடு படியேறி வந்தார். செங்கம் ரோட்டில், ஆசிரமத்துக்குப் பக்கத்து ஆட்டோ ஸ்டாண்டின் சங்கத் தலைவர். சங்கத்துக்கு ஆண்டு விழா. சிறப்பு விருந்தினர், புதிதாக மாற்றலாகி வந்திருந்த இன்ஸ்பெக்டர். சும்மா கூப்பிடவில்லை. போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்று ஸ்டாண்டையே அங்கிருந்து எடுத்துவிடப் போவதாகப் பேச்சு அடிபட்டது. வெளிநாட்டுக்காரர்களும் பக்தர்களும் இறங்கும் இடம் அது. அதை விட்டால் பாதிப் பேருக்குப் பிழைப்பு போய்விடும். மனுஷனைக் கூப்பிட்டு, மாலை போட்டு, மனசைக் குளிர வைப்பதுதான் திட்டம். பொருளாளர் சேகர் எங்கேயோ ஒரு பிரவுசிங் சென்டரில் உட்கார்ந்து நோட்டீஸை அடித்து, ஃப்ளாப்பியில் போட்டுக் கொடுத்திருந்தார்.

"நல்லா மரியாதையா வரணும்மா. ஒரு எடத்துல மரியாத கொறஞ்சாலும் நாங்க தெருவுலதான் நிக்கணும்" என்றார் முருகேசன் அண்ணன்.

அன்றைக்கென்று பார்த்து ஹார்ட் டிஸ்க்கில் இடமில்லை என்றது கம்ப்யூட்டர். எதையாவது தூக்கலாம் என்று தேடினேன். ஏதோ பத்திரிகையோடு இலவசமாக வந்த ஜாதகம் பார்க்கிற சாஃப்ட்வேர் ஒன்று இருந்தது. (எனக்கு எப்போது கல்யாணம் என்று பார்க்கத்தான் ஏற்றியிருந்தேன். வெளிநாட்டு யோகம் என்று சொன்னது. திருவண்ணாமலையைத் தாண்டிப் போகாதவளிடம்.) அதை அழிக்கச் சொன்னேன். பாதியில் ஒரு பெட்டி எழும்பியது. இது பல புரோகிராம்கள் பகிர்ந்துகொள்ளும் கோப்பு, இப்போது யாரும் இதைப் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை, ஆனாலும் யாராவது பயன்படுத்திக்கொண்டிருந்தால் அவர்கள் படுத்துவிடக்கூடும், நீக்கட்டுமா என்று ஆங்கிலத்தில் மிகப் பணிவாகக் கேட்டது. இதே மாதிரி ஒவ்வொன்றுக்கும் கேட்குமோ என்று பயந்து, 'எல்லாவற்றுக்கும் ஆமாம்' என்று ஒரு பொத்தான் இருந்ததைப் பார்த்து அமுக்கினேன்.

அப்புறம் கன்வெர்ட்டரைத் திறந்தால் திறக்கவில்லை. ஏதோ ஒரு டி.எல்.எல். கோப்பைக் காணோம் என்றது. ஜாதக சாஃப்ட்வேரும் கன்வெர்ட்டரும் ஒரே கம்பெனி தயாரிப்பு. எழுத்தை மாற்றுகிற வேலைக்கு இரண்டும் விண்டோஸ் ஃபோல்டரில் இருந்த அந்த ஒரே கோப்பைத்தான் நம்பியிருந்தன. அது எனக்குத் தெரியாது. ஏதோ ஒரு கோப்பு போயிற்று, அதே பெயரில் இன்னொன்றைக் கொண்டுவந்து வைத்தால் தீர்ந்தது என்று நினைத்தேன். செங்கம் ரோட்டில் கம்ப்யூட்டர் கடை வைத்திருந்த என் சிநேகிதி சாந்தியிடம் ஓடினேன். அவளிடம் அதே பெயரில் ஒன்று இருந்தது. ஃப்ளாப்பியில் பிடித்துக்கொண்டு வந்து, அதே இடத்தில் வைத்தேன். கன்வெர்ட்டர் திறந்தது. எனக்கு உயிர் வந்தது. ஓனரிடம், கம்ப்யூட்டரில் ஒரு சின்னப் பிரச்சினை இருந்தது, நானே சரிபண்ணிவிட்டேன் என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டேன்.

தலைப்பை நானே அடித்தேன். கீழே உள்ள விஷயத்தை மட்டும் ஃப்ளாப்பியிலிருந்து மாற்றிப் போட்டேன். முருகேசன் அண்ணன் வந்து தலைப்பைப் பார்த்தார், தன் பெயரைப் பார்த்தார், அடிக்கச் சொல்லிவிட்டார். நானும் மேலோட்டமாகப் பார்த்தேன். கண் இருக்கிறதே, எது இருக்க வேண்டுமோ அதைத்தான் படிக்கும்.

மறுநாள் காலை பஸ்ஸை விட்டு இறங்கி நடந்தேன். எனக்கு முன்னால் ஓர் ஆட்டோ நின்றுகொண்டிருந்தது. முதுகில் எங்கள் நோட்டீஸ், பசை காயாமல் பளபளத்தது. என் கைவண்ணத்தை ரசிக்கலாம் என்று பக்கத்தில் போனேன்.

'பெரியோல்களே, நண்பல்களே! காவல் ஆய்வாளல் அவல்கள் தலைமையில், சங்கத் தலைவல் முருகேசன் அவல்கள் முன்னிலையில், பொருளாளல் சேகல் அவல்கள் வரவேற்புரை ஆற்றுவால். அனைவரும் வாரீல்.'

இன்னொரு தரம் படித்தேன். பால்குடி மறக்காத குழந்தை ஒன்று பக்கத்தில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல எழுதின மாதிரி இருந்தது. 'ர்' வர வேண்டிய இடத்திலெல்லாம் 'ல்'. இன்ஸ்பெக்டர் அவலாகிவிட்டார். சேகர் அவலானதோடு, கடைசியில் அவருக்கு வாலும் முளைத்திருந்தது.

ஆட்டோ கிளம்பியது. பின்னாலேயே ஓடினேன். கையில் சாப்பாட்டுக் கூடை, தோளில் நழுவுகிற துப்பட்டா. நான் பஸ்ஸைத் தவறவிட்டுவிட்டதாக யாரோ நினைத்து, விசில் அடித்து ஆட்டோவை நிறுத்திக் கொடுத்தார்கள். டிரைவரிடம் நோட்டீஸைக் கிழிக்கச் சொன்னேன். தலைவர் ஒட்டச் சொன்னதை யாரோ ஒரு பொம்பளப்புள்ள சொல்லிக் கிழிக்க முடியாது என்றார். சரி, அதே ஆட்டோவில் ஏறி ஸ்டாண்டுக்கு விடச் சொன்னேன். (அதாவது, என் தமிழின் மேலேயே சாய்ந்து உட்கார்ந்து போனேன்.) ஸ்டாண்டு காலி. எல்லா ஆட்டோவும் சவாரிக்குப் போயிருந்தன. மலையைச் சுற்றி, கோயில் வாசல், பஸ் ஸ்டாண்டு, கலெக்டர் ஆபீஸ் என்று ஊரில் எங்கெல்லாம் ஆட்டோ போகுமோ அங்கெல்லாம் இன்ஸ்பெக்டர் அவல்கள் போய்க்கொண்டிருந்தார்.

முருகேசன் அண்ணன் மட்டும் டீக்கடையில் இருந்தார். அவரிடம் காட்டினேன். படித்தார். டீ கிளாஸைக் கீழே வைத்தார். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். ஸ்டாண்டைத் திரும்பிப் பார்த்துவிட்டு, "போச்சும்மா" என்று மட்டும் சொன்னார்.

கடைக்கு வந்து ஓனரிடம் அழுதேன். அவர் சென்னையில் அந்த சாஃப்ட்வேர் கம்பெனிக்கு எஸ்.டி.டி. போட்டார். அங்கிருந்தவர் நிதானமாக விளக்கினார். சாந்தியிடமிருந்து நான் கொண்டுவந்தது அதே கோப்பின் பழைய பதிப்பாம். அதில் ஓர் எழுத்து இடம் தவறி, 'ர்' வர வேண்டிய இடத்தில் பக்கத்து 'ல்' உட்கார்ந்துகொண்டிருந்ததாம். புதியதில் திருத்திவிட்டார்களாம். பெயர் ஒன்றாக இருந்தால் கோப்பும் ஒன்று என்று நினைக்கக் கூடாதாம். ஓனர் போனை வைத்த நேரத்தில் ஒரு கான்ஸ்டபிள் படியேறி வந்தார். நோட்டீஸ் அடித்தவர்களை இன்ஸ்பெக்டர் கூப்பிடுகிறார் என்றார்.

ஸ்டேஷனில் முருகேசன் அண்ணன் ஏற்கெனவே நின்றுகொண்டிருந்தார். மேஜைமேல் ஓர் ஆட்டோவிலிருந்து உரித்த நோட்டீஸ், பாதி பசையோடு. இன்ஸ்பெக்டர் மீசையைத் தடவிக்கொண்டே அதைச் சத்தமாகப் படித்தார். 'ஆய்வாளல் அவல்கள்' என்ற இடத்தில் நிறுத்தி என்னைப் பார்த்தார்.

"இது எப்படிம்மா வந்துது?"

டி.எல்.எல். என்று ஆரம்பித்தேன். அவர் முகத்தைப் பார்த்ததும் அது வேலைக்காகாது என்று தெரிந்தது. வாய்க்கு வந்ததைச் சொன்னேன். "ஒரே மோட்டார்ல ரெண்டு கழனிக்குத் தண்ணி பாயுது சார். ஒரு கழனி வேணாம்னு நான் மோட்டாரையே கழட்டிட்டேன். இன்னொரு கழனி காயுதுன்னு அதே பேர் போட்ட பழைய மோட்டாரு ஒண்ண கொண்டாந்து மாட்டுனேன். ஓடுச்சு சார். ஆனா தண்ணி வேற வாய்க்கால்ல போயிடுச்சு."

அவர் நோட்டீஸை மறுபடியும் ஒரு தரம் படித்தார். முருகேசன் அண்ணன் கண்ணை மூடிக்கொண்டார்.

"போன ஊர்ல ஒரு நோட்டீஸ் அடிச்சாங்க" என்றார் இன்ஸ்பெக்டர். "அஞ்சலி போஸ்டர் மேலயே என் பேர மாத்திப் போட்டுட்டு, அமரர்ங்கறத எடுக்க மறந்துட்டாங்க. எங்க வீட்டம்மாவுக்கு ஊர்லேர்ந்து போன் மேல போன். அதுக்கு அவலு எவ்வளவோ தேவலை. உக்காரும்மா, தண்ணி குடி."

உட்கார்ந்தேன். சொன்னபடி தண்ணீரையும் குடித்தேன்.

அவர் சிரித்ததும் சுற்றி இருந்த கான்ஸ்டபிள்கள் எல்லோரும் அதுவரை அடக்கி வைத்திருந்ததைச் சேர்த்துச் சிரித்தார்கள். வெளியே வந்ததும் முருகேசன் அண்ணன் வாசல் படியிலேயே உட்கார்ந்து, துண்டால் முகத்தை ரொம்ப நேரம் துடைத்துக்கொண்டிருந்தார்.

விழாவுக்கு ஏகப்பட்ட கூட்டம். அவல்களைப் பார்க்கவே வந்திருந்தார்கள். இன்ஸ்பெக்டர் பேசும்போது, ஸ்டாண்டு அங்கேயே இருக்கட்டும், வண்டிகளை வரிசையாக மட்டும் நிறுத்துங்கள் என்றார். கைதட்டல் அடங்க நேரமானது. நன்றி சொல்ல வந்த முருகேசன் அண்ணன், ஜாக்கிரதையாக இருக்க வேண்டும் என்ற பயத்திலேயே "இன்ஸ்பெக்டர் அவல்களுக்கு" என்று ஆரம்பித்துவிட்டார். அதற்கு அதைவிட ஜாஸ்தி கைதட்டல்.

எனக்கு வேலை போகவில்லை. கம்ப்யூட்டர் எது கேட்டாலும் இனிமேல் 'நோ' சொல்ல வேண்டும் என்று மட்டும் ஓனர் சட்டம் போட்டார். அடித்ததைச் சேமிக்கட்டுமா என்று அது கேட்டதற்கும் 'நோ' சொல்லி, ஒரு முழுக் கல்யாணப் பத்திரிகையைத் தொலைத்த பிறகு சட்டத்தைத் திருத்தினார்.

சில வருஷம் கழித்து எனக்குக் கல்யாணம் ஆனது. வரவேற்பில் முருகேசன் அண்ணன் மைக்கைப் பிடித்து முழுக் கதையையும் சொல்லிவிட்டார். அன்றிலிருந்து என் வீட்டுக்காரர் என் அப்பாவைப் பற்றிப் பேசினால் "மாமனால்" என்றுதான் சொல்வார். "மாமனால் போன் பண்ணாரு", "மாமனால் மல்லாட்டை கொடுத்தனுப்பியிருக்காரு." அப்பாவும் போனில், "நான் மாமனால் பேசறேன்" என்பார். அவருக்கு அதில் என்ன சந்தோஷமோ.

போன வாரம் என் மகளின் பள்ளியில் கூப்பிட்டிருந்தார்கள். இரண்டாம் வகுப்பு. உறவுமுறைப் பெயர்கள் எழுதச் சொன்ன பரீட்சையில், அம்மாவைப் பெற்ற தாத்தா அப்பாவுக்கு என்ன முறை என்ற கேள்விக்கு, 'மாமனால்' என்று அழகான கையெழுத்தில் எழுதியிருந்தாள். தப்பு என்று மிஸ் சொன்னபோது ஒத்துக்கொள்ளவில்லையாம். எங்கள் வீட்டில் எல்லோரும் அப்படித்தான் சொல்வார்கள் என்று சண்டை போட்டிருக்கிறாள்.

"வீட்ல யாருங்க இப்படிச் சொல்லித் தர்றது?" என்று மிஸ் கேட்டார்.

டி.எல்.எல்., பழைய பதிப்பு, இன்ஸ்பெக்டர் எல்லாம் ஒரு நொடி என் வாய் வரைக்கும் வந்தன. விழுங்கிக்கொண்டேன்.

"கொழந்தைதானே மிஸ். இன்னும் நாக்கு திரும்பலை" என்றேன்.

மிஸ் நம்பிவிட்டார். என் மகள்தான் என்னை ஒரு பார்வை பார்த்தாள்.