காத்தமுத்து இருமுறை விடுதலையான கதை

ஆம்பல்நாட்டில் நெல்லுக்கும் நீருக்கும் பஞ்சம் வந்ததுண்டு. நீதிக்கு மட்டும் பஞ்சமே வந்ததில்லை. ஒருவனுக்கு ஒரு தீர்ப்பு போதாது என்று நினைக்கும் தாராள மனம் கொண்ட அரசு அது.

அந்நாட்டில் வாத்து மேய்த்துப் பிழைத்தவன் காத்தமுத்து. நன்றி சொல்வதில் அவனை மிஞ்ச ஆளில்லை. வழிவிட்ட வண்டிக்காரனுக்குச் சொல்வான். ஒழுங்காகப் பட்டியடைந்த வாத்துகளுக்கும் சொல்வான். அரண்மனைக் குளத்து அன்னத்தைத் திருடியதாக அவனைப் பிடித்தபோது, கயிற்றை இறுக்காமல் கட்டிய காவலர்களுக்கும் நன்றி சொன்னான். அப்போது அவன் மனைவி பேச்சி நிறைமாதம்.

வழக்கு நடந்த நாளெல்லாம் அன்னம் அதே குளத்தில் நீந்திக்கொண்டிருந்தது. நீதிபதி அதைச் சாளரம் வழியாகப் பார்த்துவிட்டு அவனை விடுதலை செய்தார். காத்தமுத்து நெடுஞ்சாண்கிடையாக விழுந்தான்.

"ஒங்களுக்குக் கோடி புண்ணியம் சாமி. பொறந்த புள்ளையப் போயிப் பாக்கணும்."

தலைமை வழக்குரைஞர் செம்பியதரையர் எழுந்தார்.

"குற்றமற்றவன் எதற்காக நன்றி சொல்ல வேண்டும்? உரியதைப் பெற்றவன் பேசாமல் போவான். சலுகை பெற்றவனே காலில் விழுவான். ஆகவே இவன் குற்றவாளி. அரசு மேல்முறையீடு செய்கிறது."

அவையினர் அவருடைய மதிநுட்பத்தை வியந்தார்கள். முறையீடு முடியும்வரை விடுதலையானவர்கள் சிறையிலேயே இருக்க வேண்டும் என்று அரசர் ஆணையிட்டார். வெளியே போய் வேறு பழி ஏதும் சுமந்துவிடக் கூடாதே என்ற கருணைதான்.

சிறைக்குள் குழந்தைகளுக்கு அனுமதியில்லை. பேச்சி மட்டும் வந்து கம்பி வழியாக எச்சரித்தாள்.

"இந்தத் தடவ வாயத் தொறக்காதய்யா. கும்புடக்கூட வேணாம், விறுவிறுன்னு வந்துரு. ஒம்மவ நடக்க ஆரம்பிச்சுட்டா."

மேல் மன்றமும் அவனை விடுவித்தது. காத்தமுத்து உதட்டைக் கடித்துக்கொண்டு வாசல்வரை வந்துவிட்டான். பாவம், அது எவ்வளவு பெரிய தண்டனை என்பது அவனுக்குத்தான் தெரியும். செம்பியதரையர் மறுபடி எழுந்தார். அரசின் நீதியால் பிழைத்தவன் ஒரு சொல் நன்றி சொல்லவில்லை, இத்தனை நெஞ்சழுத்தம் பழகிய திருடனுக்கே வரும் என்றார். காத்தமுத்து மீண்டும் சிறைக்குப் போனான்.

அதே வாரம், நெற்களஞ்சியத்தைக் காலி செய்த வழக்கிலிருந்து அமைச்சரின் மைத்துனர் விடுதலையானார். அவர் நன்றி சொன்னாரா என்று யாரும் கவனிக்கவில்லை. அரசே நீதிபதிக்குச் சால்வை போர்த்தி நன்றி சொல்லிவிட்டது. நல்ல சால்வையாகத் தேடிய அலைச்சலில் மேல்முறையீட்டுக்கான கெடு கடந்துபோனது.

மூன்றாவது மன்றத்தில், நீதிபதி வாயைத் திறக்குமுன் காத்தமுத்து முந்திக்கொண்டான்.

"நாந்தான் சாமி எடுத்தேன்."

நீதிபதி குளத்தைப் பார்த்தார். "அன்னம் அங்கேயே இருக்கிறதே?"

"அது இருக்கட்டும் சாமி. எடுத்தது நாந்தான்."

அன்னத் திருட்டுக்குச் சட்டப்படி ஒரு மாதச் சிறை. அவன் அதைப்போல் பல மடங்கு இருந்தாயிற்று. உடனே அனுப்பிவிட்டார்கள். வென்ற வழக்கில் அரசு ஏன் முறையிடப்போகிறது?

வீட்டில் மகள் அவனைக் கண்டதும் தாயின் சேலைக்குள் ஒளிந்தாள். பிறகு மெல்ல வந்து அவன் விரலைப் பிடித்தாள். காத்தமுத்துவுக்குச் சந்தோஷம் தாங்காமல் அழுகை வந்தது.

"என்னய்யா தீர்ப்பு?" என்றாள் பேச்சி.

"திருடன்னு சொல்லிட்டாங்க புள்ள."

பேச்சி அரண்மனை இருந்த திசையை நோக்கி இரு கைகளையும் கூப்பினாள்.

செய்தி பரவியது. விடுதலையாகிச் சிறையில் கிடந்த அத்தனை பேரும் மறுநாள் நீதிமன்றத்தில் நின்று குற்றத்தை ஒப்புக்கொண்டு, அரசை வாழ்த்திக்கொண்டே வீடு திரும்பினார்கள். மாலையில் நாடெங்கும் முரசறைந்தார்கள்: நம் அரசரின் ஆட்சியில் பொய் வழக்கு ஒன்றுகூடப் போடப்பட்டதில்லை, இதற்குக் குடிமக்களே சாட்சி.