நாலு மணிக்குள் செத்துப்போகிற மனிதர்

நான் வாழ்க்கையில் ஒரு படத்தைக்கூட முடிவு வரை பார்த்ததில்லை. இதை வெளியே சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது. ஒரு காலத்தில், ரஷ்யாவுக்குப் போய் சினிமா படிக்கப் போகிறேன் என்று சொல்லிக்கொண்டு தூதரகத்துக்குள் போனவன் நான். (படித்தது எட்டாம் வகுப்பு. அதையும் இரண்டு தரம் படித்தேன்.)

தொண்ணூறுகளின் நடுப்பகுதி, போர்க்காலம். தலைநகரில், வெள்ளவத்தையில், கடற்கரை ரயில் பாதைக்குப் பக்கத்தில் ஒரு லொட்ஜில் இருந்தேன். அதற்கு முன் புறக்கோட்டையில் மூட்டை தூக்கினேன், கொட்டாஞ்சேனையில் ஓர் அச்சகத்தில் தாள் மடித்தேன், பம்பலப்பிட்டியில் ஒரு சாப்பாட்டுக் கடையில் கிழங்கு உரித்தேன். எந்த இடத்திலும் மூன்று மாதம் நிலைக்கவில்லை. அம்மா வவுனியா முகாமில் இருந்தா. நான் எங்காவது ஒரு நாட்டில் கால் வைத்து அவவைக் கூப்பிடுவேன் என்பது ஏற்பாடு.

வடக்கிலிருந்து வந்தவர்கள் பொலிஸில் பதிய வேண்டும். வந்த காரணத்தையும் எழுத வேண்டும். என் காரணம் ‘வெளிநாடு செல்ல’. மூன்றாம் முறை பதிவை நீட்டப் போனபோது மேசையில் இருந்த சிங்களப் பொலிஸ்காரர் அந்த வரியைத் தட்டிக் காட்டினார். தம்பி என்பதை மட்டும் தன் மொழியில் சொன்னார்.

“மல்லி, அடுத்த முறை விசாவோட வா. இல்லாட்டி வராதே.”

வராமல் இருந்தால் அவர்களே வருவார்கள். அது எல்லோருக்கும் தெரியும்.

வெளிநாட்டுக்கு ஆள் அனுப்புகிற எங்கள் ஏஜென்டை எல்லோரும் மாஸ்டர் என்று கூப்பிடுவோம். மாணவர் விசா எடுக்க அவர் ஒவ்வொருவருக்கும் ஒரு படிப்பைப் பிரித்துக் கொடுப்பார். என் அறையில் இருந்த செல்வம் சாவகச்சேரிப் பெடியன், கணக்கில் புலி. அவனுக்கு எஞ்சினியரிங். என்னைப் பார்த்து மாஸ்டர் நீண்ட நேரம் யோசித்தார்.

“தம்பி, உமக்கு சேர்ட்டிபிக்கேட் ஒண்டும் இல்லை. சினிமா எண்டு போடுவம். அவை அதுக்குப் பெரிசாக் கேக்க மாட்டினம்.”

ஒரு பெரிய ரஷ்ய இயக்குநரின் பெயரைக் கடதாசியில் எழுதித் தந்தார். அதைப் பாடமாக்கச் சொன்னார். ரஷ்யப் படங்களை இலவசமாகப் போடுகிற மண்டபம் ஒன்றையும் காட்டிவிட்டார். சனிக்கிழமைகளில் மூன்று மணிக்குப் படம். உள்ளே குளிரூட்டி. லொட்ஜ் அறையில் நாலு பேர் படுத்து எழும்பிய எனக்கு அதுவே வெளிநாடு மாதிரி இருந்தது.

அங்கேதான் அவரைக் கண்டேன். கதாநாயகனை அல்ல. கதாநாயகனுக்குக் கார்க் கதவைத் திறந்துவிடுகிறவரை. பெரிய காதுகள், தொங்கிய மீசை. அச்சொட்டாக என் குஞ்சியப்புவின், அதாவது அப்பாவின் தம்பியின், முகம். அடுத்த சனிக்கிழமை அவர் ரயில் கார்ட். அதற்கடுத்த கிழமை தளபதிக்குத் தேநீர் கொண்டுவருகிற சிப்பாய். தொலைக்காட்சித் தொடர் ஒன்றையும் பகுதி பகுதியாகப் போட்டார்கள். அதில் தபால்காரராக வந்து மூன்றாம் பகுதியில் ஆற்றில் விழுந்தார். எந்தப் படமானாலும் நாலு மணிக்குள் அவர் செத்துவிடுவார். தொடக்கத்தில் ஓடுகிற ரஷ்யப் பெயர் எழுத்துகளை எனக்கு வாசிக்கத் தெரியாது. ஆகவே குஞ்சியப்பு என்றே வைத்துக்கொண்டேன்.

அவர் செத்ததும் எழும்பிவிடுவேன். ஐந்து மணிக்குப் பிறகு காலி வீதி என்ற பெருந்தெருவில் ஆமியும் பொலிஸும் பஸ்ஸை மறித்து ஆட்களை இறக்கிச் சோதிப்பார்கள். பதிந்த இடத்தில் ஆள் இருப்பது நல்லது.

சில மாதங்களில் குஞ்சியப்புவின் வசனம் முழுவதும் எனக்கு மனப்பாடம். படத்தின் அடியில் வருகிற ஆங்கில எழுத்தை, கூட வருகிற செல்வம் வாசித்துக் கருத்துச் சொல்வான். “மஷீனா கதோவா, தவாரிஷ்” என்றால், கார் தயார், தோழரே. “தக்குமென்தி” என்றால், பத்திரங்களைக் காட்டு. “ஒன் உமேர்” என்றால், அவர் செத்துவிட்டார். என் ரஷ்ய மொழி இவ்வளவுதான். (இதை வைத்துக்கொண்டு மொஸ்கோவில் ஐந்து வருடம் சமாளிக்கலாம் என்று உண்மையிலேயே நம்பினேன்.)

நேர்முகத்துக்கு முதல் நாள் செல்வம் துவாய்த் துண்டைக் கழுத்துப் பட்டி மாதிரிக் கட்டிக்கொண்டு தூதரக அதிகாரியாக நடித்தான்.

“அண்ணை, டிரைவரைப் பற்றிக் கதையாதேங்கோ. அந்த டிரைக்டரின்ரை பேரை மட்டும் சொல்லுங்கோ.”

“எனக்குத் தெரியும். நீ பேசாமல் இரு” என்றேன்.

மறுநாள் தூதரகத்தில் இருந்த அதிகாரி பருத்த ரஷ்யர். பக்கத்தில் மொழிபெயர்க்க ஒரு கொட்டாஞ்சேனைப் பெண். இரவல் சப்பாத்து என் குதிக்காலைக் கடித்துக்கொண்டிருந்தது. உட்கார்ந்த உடனே என் வாயிலிருந்து வந்தது:

“தக்குமென்தி.”

அவர் திடுக்கிட்டுத் தன் சட்டைப் பையைத் தொட்டார். பிறகு என்னைப் பார்த்தார்.

“உங்களுக்கு ரஷ்ய சினிமாவில யாரைப் பிடிக்கும்னு கேக்கிறார்” என்றார் அந்தப் பெண்.

பாடமாக்கிய பெயர் வரவில்லை. முதல் எழுத்துக்கூட வரவில்லை. குஞ்சியப்பு மட்டும் வந்தார். அவருடைய பெயர் தெரியாததால் எழும்பி நின்று செய்து காட்டினேன். கார்க் கதவைத் திறந்தேன். ரயிலுக்குக் கொடி காட்டினேன். தேநீர்த் தட்டோடு வந்து, குண்டு பட்டு, தேநீர் சிந்தாமல் தட்டை வைத்துவிட்டுச் செத்தேன். பிறகு ஆற்றில் விழுந்தேன். ஆறு அவருடைய மேசைக்கும் அலுமாரிக்கும் நடுவில் ஓடியது.

அதிகாரி ஒரு பெயரைச் சொல்லிக் கத்தினார். ஆளைக் கண்டுபிடித்துவிட்டார். பக்கத்து அறையிலிருந்து இரண்டு பேரைக் கூப்பிட்டு, திரும்பவும் என்னைச் சாகச் சொன்னார். செத்தேன். கை தட்டினார்கள். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நிலத்தில் கிடந்தபடி அம்மாவுக்குக் கடிதத்தில் எழுத வேண்டிய முதல் வரியை நான் யோசித்தேன்.

எழும்பி உட்கார்ந்ததும் இன்னொரு கேள்வி.

“தம்பி, அந்தத் தேநீர்ப் படம் அவருக்கு ரொம்பப் பிடிச்ச படமாம். முடிவில அந்தத் தளபதி ஏன் அப்படிச் செய்தார்னு நீங்க நினைக்கிறீங்க?”

“என்ன செய்தவர்?” என்று கேட்டேன்.

அவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். சரி, ரயில் படம் எப்படி முடிகிறது? தெரியாது. ஆற்றில் விழுந்த தபால்காரரின் கடிதத்துக்கு என்ன நடந்தது? தெரியாது. குஞ்சியப்பு செத்த பிறகு உலகத்தில் என்ன நடந்தது என்று எனக்கு ஒன்றுமே தெரியாது.

“அப்ப, ஒண்ணும் முழுசாப் பாக்கல்லையா?” அந்தப் பெண் மெல்லக் கேட்டார். இதை அவர் மொழிபெயர்க்கவில்லை.

“அஞ்சு மணிக்கு முதல் லொட்ஜுக்குப் போக வேணும், அக்கா.”

அதை மொழிபெயர்த்தார். அதிகாரி என் விண்ணப்பத்தில் மறுப்பு என்ற சிவப்பு முத்திரையைக் குத்தினார்.

வெளியே போகும்போது அடுத்த ஆளை அழைத்தார்கள். செல்வம். என் கை தானாகவே கதவைத் திறந்து பிடித்துக்கொண்டது. அவன் உள்ளே போய், கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லி, விசாவோடு வெளியே வந்தான்.

நான் விசா இல்லாமல் பதிவுக்குப் போனேன். பதினெட்டு நாள் உள்ளே வைத்திருந்தார்கள். வெளியே வந்தபோது லொட்ஜில் ஒரு தந்தி கிடந்தது. அம்மாவை எரித்து ஒரு கிழமை ஆகியிருந்தது. அந்த முடிவையும் நான் பார்க்கவில்லை.

பிறகு வேறெங்கும் போக யோசிக்கவில்லை. வெளிநாடு போகிறவர்களின் பெட்டியை வான் வண்டியில் ஏற்றிக் கட்டுநாயக்கா விமான நிலையம் வரை கூட்டிப்போகிற வேலை கிடைத்தது. முதலில் போனது செல்வம். வான் கதவைத் திறந்து, “மஷீனா கதோவா, தவாரிஷ்” என்றேன். அவன் அழுதான். மொஸ்கோவிலிருந்து எப்படியோ தாண்டி, இப்போது அவன் பாரிஸில் இருக்கிறான். கணக்கு வேலைதான். ரெலிபோன் எடுத்தால் ஹலோவுக்குப் பதிலாக “தக்குமென்தி” என்பான்.

நான் இன்னும் வெள்ளவத்தையில்தான். இப்போது காலி வீதியில் யாரும் பஸ்ஸை மறிப்பதில்லை. ஆனாலும் நாலு மணி தாண்டினால் என் கால்கள் தாமாக எழும்பும். கலியாண வீடு, செத்த வீடு, பிள்ளையின் பள்ளிக்கூட நாடகம், எதுவானாலும். அப்போது என் மனைவி வேட்டித் தலைப்பைப் பிடித்து இழுப்பாள். மகளும் சேர்ந்துகொள்வாள். சொந்தக்காரர் எல்லோருக்கும் பழகிப்போன வசனம் அது.

“இருங்கோ. அவர் இன்னும் சாகேல்லை.”