மணிக்கட்டில் நின்ற மூதாதையர்

ஆட்டையாம்பட்டிப் பிரிவில் பஸ்ஸை விட்டு இறங்கினால் யாரிடமும் வழி கேட்க வேண்டியதில்லை. எல்லாரும் தங்கள் மணிக்கட்டையே உற்றுப் பார்த்தபடி ஒரே திசையில் நடப்பார்கள். மணி பார்க்கிறார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். தாத்தாவைப் பார்க்கிறார்கள்.

தறி ஓடாமல் பூட்டிக்கிடந்த ஒரு கொட்டகையில் நரம்புச் சித்தர் எழுந்தருளியிருந்தார். பூர்வாசிரமத்தில் பெயர் ஜெயபிரகாஷ். தொழில், எடை குறைக்கும் பவுடர் விற்பது. வாங்கியவர்களுக்குப் பர்ஸ் மட்டும் எடை குறைந்தது. இப்போது தாடி, காவி, இரண்டு கையிலும் மணிக்கட்டை மூடி மேலேறும் உருத்திராட்சக் காப்பு, காதோரம் ஒரு மைக். மேடைக்குப் பின்னால் எல்.இ.டி. திரை. நரம்பு சின்னது, கூட்டம் பெரிசு. கடைசி வரிசைக்கும் தாத்தா தெரிய வேண்டுமல்லவா?

"நான் மூடநம்பிக்கை பேச வரலீங்க, விஞ்ஞானம் பேச வந்திருக்கறேன்" என்றுதான் சித்தர் ஆரம்பிப்பார். "பத்தாங்கிளாஸ் அறிவியல் புஸ்தகத்தை எடுத்துப் பாருங்க. எச்ச உறுப்புன்னு போட்டிருக்குது. எச்சம்னா என்னங்க? முன்னோர் உட்டுட்டுப் போன மிச்சம்! உங்க மணிக்கட்டுல ஒரு கயிறு ஓடுது. ஒரு முனை உங்ககிட்ட. மறுமுனை மூதாதையர்கிட்ட. அவங்க புடிச்சிருந்தாங்கன்னா கயிறு விறைச்சு நிக்கும். உட்டுட்டாங்கன்னா..."

இந்த இடத்தில் மைக்கில் ஒரு பெருமூச்சு விடுவார். கொட்டகையே கலங்கிப்போகும். புத்தகத்தில் அந்தச் சொல் இருப்பது நிஜம். அதற்குப் பின்னால் அவர் சொன்னதெல்லாம் புருடா. முழுப் பொய் சொல்கிறவன் சீக்கிரம் மாட்டிக்கொள்வான். முதல் வரியை மட்டும் உண்மையாக வைத்துக்கொள்கிறவன் கார் வாங்குவான். சித்தர் வாங்கியிருந்தார்.

சோதனை எளிமையானது. கையைப் பித்தளைத் தாம்பாளத்தில் மல்லாத்தி, விரல்களை நன்றாக விரித்துப் பின்னால் வளைக்கச் சொல்வார். திரையில் மணிக்கட்டு வழவழவென்று தெரியும். கயிறு இல்லை! "உட்டுட்டாங்க!" என்பார். குடும்பம் அழும். காணிக்கை விழும். பிறகு ஒரு எள்ளுருண்டையை மந்திரித்துக் கொடுத்து, கட்டைவிரலாலும் சுண்டுவிரலாலும் அதைப் பிடித்து மணிக்கட்டை உள்பக்கமாக மடக்கச் சொல்வார். தோலுக்கடியில் ஒரு கயிறு விருட்டென்று எழுந்து நிற்கும். "புடிச்சுட்டாங்க!" குடும்பம் மறுபடியும் அழும். இந்த அழுகைக்குக் காணிக்கை தனி.

நூற்றுக்கு எண்பது பேருக்கு மேல் இப்படித் தாத்தா திரும்பிவந்தார். வராத சில பேர்தான் சித்தருக்கு உண்மையான அறுவடை. எள்ளுருண்டை பிடித்தும் கயிறு எழாதவர்களுக்கு 'பூரண விடுபாடு' என்று பெயர். அவர்களோடு அந்த வம்சம் முடிந்தது என்று அர்த்தமாம். பரிகாரம், பொன்னால் ஒரு நரம்பு செய்து அமாவாசையன்று சித்தர் காலடியில் சாத்துவது. சாத்திய பொன் எங்கே போகிறது? மூதாதையரிடம்தான். அவர்களுடைய கூரியர் ஆபீஸ் சித்தர் வீட்டு பீரோவில் இருந்தது.

ஆறே மாதத்தில் ராசிபுரத்திலிருந்து திருச்செங்கோடு வரைக்கும் கல்யாணப் பேச்சில் பத்துப் பொருத்தத்தோடு பதினோராவதாக நரம்புப் பொருத்தமும் சேர்ந்துகொண்டது. அதில்தான் மதுமதி வந்து மாட்டிக்கொண்டாள்.

மதுமதி திருச்செங்கோட்டில் ஓர் ஆஸ்பத்திரியில் பிசியோதெரபிஸ்ட். ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் லாரியில் கை நசுங்கியவர்கள், தறியில் விரல் மாட்டியவர்கள் எல்லாரும் கடைசியில் அவளிடம்தான் வருவார்கள். ஒவ்வொரு விரலாக மடக்கி நீட்டிப் பழக்கிவிடுவாள். அவளுக்கும் கோகுல்ராஜுக்கும் சம்பந்தம் பேசி முடிந்து, நிச்சயத்துக்கு உப்புச் சர்க்கரை மாற்ற நாள் குறித்தாகிவிட்டது. கோகுல்ராஜ் நல்லவன். போனில் மணிக்கணக்காகப் பேசுவான். அம்மா எதிரில் இருந்தால் மட்டும் அவனுக்கு வாய் வேலை செய்யாது. மதுமதிக்கு அவனைப் பிடித்திருந்தது. இந்த ஒரு குறையைக் கல்யாணத்துக்கு அப்புறம் சரிசெய்துகொள்ளலாம் என்று நினைத்திருந்தாள். எத்தனையோ விரல்களைச் சரிசெய்தவளுக்கு இது பெரிசா?

"ஒரே ஒருக்கா சாமிகிட்டக் கையக் காட்டிட்டு வந்துரலாம் அம்முணி. எங்கூட்டு வழக்கம்" என்றார் கோகுல்ராஜின் அம்மா ராஜம்மாள். மூன்று மாதமாகத்தானே அந்த வழக்கம் என்று மதுமதி கேட்கவில்லை. கேட்டிருக்கலாம்.

மேடையில் அவள் கை திரை முழுக்க விரிந்தது. விரித்தாலும் கயிறு இல்லை, எள்ளுருண்டை பிடித்தாலும் இல்லை. இடது கையிலும் இல்லை, வலது கையிலும் இல்லை. கூட்டம் 'ஐயோ' என்றது.

மதுமதிக்கு இது புதிசில்லை. கல்லூரி முதலாண்டிலேயே தெரியும். உடற்கூறு வகுப்பில் பேராசிரியர் எல்லாரையும் கையை மடக்கச் சொல்லிப் பார்த்துவிட்டு, "ரெண்டு கையிலும் இல்லாதவங்க இந்த வகுப்புல மதுமதிதான்" என்றபோது, சங்கத்தில் தலைவியானதுபோல அவளுக்கு ஒரே பெருமை. அது ஒரு சின்னத் தசையின் நாண். மரமேறித் திரிந்த மூதாதைகளுக்கு அது முக்கியம். நமக்கு அவ்வளவாக இல்லை. அதனால் சிலருக்கு இருக்கிறது, சிலருக்கு இல்லை. இல்லாதவர்களின் பிடி ஒன்றும் தளர்ந்துவிடுவதில்லை. இதையெல்லாம் சொல்ல அவள் வாயைத் திறப்பதற்குள் மைக் முந்திக்கொண்டது.

"பூரண விடுபாடு! இந்தப் பொண்ணோட வம்சம் நின்னுபோச்சுங்க!"

மதுமதி கோகுல்ராஜைப் பார்த்தாள். அவன் செல்போனைப் பார்த்தான். அவளுக்கு அழுகை வரவில்லை, உடம்பெல்லாம் எரிந்தது. நாலு வருசம் படித்த படிப்பிலிருந்து ஒரு சொல்லைத் திருடி, அதையே அவள் தலையில் போட்டு உடைக்கிறானே இந்தப் பவுடர்காரன்!

வீட்டுக்கு வந்ததும் அப்பா நாச்சிமுத்து தாலிக்கொடிக்கு வைத்திருந்த தங்கத்தை எடுத்துப் பையில் போட்டார். "பொன் நரம்பு செஞ்சு போட்டரலாம் அம்முணி. கொடி அப்புறமேட்டுக்குப் பாத்துக்கலாம். கல்யாணம் நின்னா நான் வெளியில தல காட்ட முடியாது."

"தப்புன்னு தெரிஞ்சுமாங்கப்பா?"

"எனக்குத் தெரிஞ்சு என்ன பண்ணறது? அவங்களுக்குத் தெரியோணுமல்ல?"

அந்த வார்த்தை அவளுக்குள் தைத்தது. அப்பா பணிந்துபோகச் சொன்ன சமாதானம்தான். ஆனால் அவர்களுக்குத் தெரியவைப்பதுதான் செய்ய வேண்டிய வேலை என்று அவளுக்குப் பட்டது. "அமாவாசைக்குப் பையோட வாங்கப்பா. ஆனா நான் சொல்லற வரைக்கும் அவிழ்க்காதீங்க" என்றாள். அடுத்த போன் தாய்மாமன் அப்புசாமிக்கு.

அப்புசாமி ரிக் முதலாளி. உள்ளங்கையில் தேங்காய் எழுந்து நிற்கிற இடத்தில் நீரோட்டம் உண்டு என்று சொல்கிற ஆளை நம்பி, ஆயிரம் அடி போட்டுப் புழுதியை மட்டும் எடுத்த அனுபவம் அவருக்கு நிறைய உண்டு. அடுத்த போருக்கும் அதே தேங்காய்க்காரரைத்தான் கூப்பிடுவார். அது வேறு கதை. ராடு மாட்டும்போது ஒருமுறை அவர் இடது கை விரலின் நாண் அறுந்துபோனது. கோயமுத்தூர் டாக்டர்கள் அதே கையின் மணிக்கட்டிலிருந்து இந்தக் கயிற்றை உருவி, விரலில் வைத்துத் தைத்தார்கள். அந்த விரலை மடக்கிப் பழக்கியவள் மதுமதி.

அமாவாசைக்குக் கொட்டகை நிரம்பி வழிந்தது. ரிக் முதலாளி என்றதும் வரிசை தானாக விலகியது. சித்தரே எழுந்து சால்வை போர்த்தினார். முன்வரிசையில் ராஜம்மாளும் கோகுல்ராஜும் பொன் நரம்புக்காகக் காத்திருந்தார்கள். அப்புசாமி இடது கையை நீட்டினார். விரித்தாலும் இல்லை, எள்ளுருண்டைக்கும் இல்லை.

"விடுபாடு!" என்றார் சித்தர். "உங்க அப்பாரோட ஆத்மா கயித்த உட்டுட்டு அலையுதுங்க!"

"எங்கய்யனுங்களா?" அப்புசாமி யோசித்தார். "அவரு மேச்சேரிச் சந்தையில ஒரு கெடாய வாங்கிட்டு வந்து, வெளிய வேப்பமரத்தடியில கயித்தப் புடிச்சுக்கிட்டு நிக்கறாருங்களே. உட்டுட்டாருங்களா?"

மைக் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தது. பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். சித்தர் சமாளித்தார். "அப்பாருக்கும் அப்பாரு..."

"அப்ப இதப் பாருங்க" என்று அப்புசாமி வலது கையில் எள்ளுருண்டையைப் பிடித்தார். கயிறு விறைத்து நின்றது. திரையில் தேர் வடம் மாதிரி தெரிந்தது. "சோத்தாங்கைக்கு ஒரு பாட்டன், பீச்சாங்கைக்கு ஒரு பாட்டனுங்களா சாமி? பீச்சாங்கைப் பாட்டன் ஒண்ணும் உட்டுட்டுப் போகல. டாக்டரு உருவி இந்த வெரல்ல வெச்சுட்டாரு." தையல் தழும்பைக் கேமராவுக்குக் காட்டினார்.

அதற்குள் மதுமதி மேடையேறி, தூக்குப்போசியைத் திறந்து கடலை உருண்டைகளைக் குனிந்து முன்வரிசைக்கு விநியோகித்தாள். "மந்திரம் இல்லீங்க. நேத்து எங்கூட்டுல உருட்டினது. கட்டவெரலும் சுண்டுவெரலும் சேத்துப் புடிச்சு மடக்குங்க."

முன்வரிசை மடக்கியது. கடலைக்கும் தாத்தா வந்தார்.

"இப்ப உருண்டையத் தின்னுபோட்டு, வெறுங்கைல மடக்குங்க."

வந்தார். மென்றுகொண்டிருந்தவர்களுக்கும் வந்தார். முன்வரிசையைப் பார்த்துப் பின்வரிசையும் மடக்கியது. காணிக்கை போட்டவர்களுக்கும் போடாமல் நழுவியவர்களுக்கும் ஒரே மாதிரி வந்தார்.

"இப்ப வெரல விரிச்சுப் பின்னால வளைங்க."

ஒட்டுமொத்தமாக எல்லார் தாத்தாவும் கிளம்பிவிட்டார்கள்.

கொட்டகையில் மணிக்கட்டுகள் மடங்கின, விரிந்தன, மறுபடி மடங்கின. யாரோ ஒருவர், "நான் ரெண்டுவாட்டி அழுதனேடா!" என்று கத்தினார்.

"இது எச்ச உறுப்புதாங்க, அந்தச் சொல்லு சரி" என்றாள் மதுமதி. "முன்னோர் நம்மளப் புடிச்சிருக்காங்கன்னு அதுக்கு அர்த்தமில்ல. ஒண்ணுக்கும் ஆகாத உறுப்புன்னும் அர்த்தமில்ல. முன்ன செஞ்ச வேல கொறஞ்சுபோன உறுப்பு, அவ்வளவுதான். அதனால சிலருக்கு இருக்கும், சிலருக்கு இருக்காது. எனக்கு இல்ல. இது இல்லாததுக்கும் கொழந்த பொறக்கறதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லீங்க."

"விஞ்ஞானத்துக்கு எட்டாத..." என்று சித்தர் ஆரம்பித்தார். போன வாரம் வரைக்கும் அவர் பேசியதே விஞ்ஞானம்தான்.

அப்போது ராஜம்மாள் எழுந்தார். அவர் முகத்தைப் பார்த்து மதுமதிக்கே பயமாக இருந்தது. நேராக மேடைக்குப் போய்ச் சித்தரின் கையைப் பிடித்து, உருத்திராட்சக் காப்பைச் சரக்கென்று மேலே தள்ளி, விரல்களுக்கிடையில் ஒரு கடலை உருண்டையைத் திணித்தார்.

"மடக்குங்க சாமி."

மடக்கவில்லை. ராஜம்மாளே மடக்கினார். மாடு பிடித்த கை. திரையில் சித்தரின் மணிக்கட்டு வழவழவென்று தெரிந்தது. அடுத்த கையிலும் இல்லை. பூரண விடுபாடு!

"உனக்கே இல்லியே! எம் மருமகளுக்கு இல்லேன்னு இத்தனை பேரு முன்னால வம்சம் நின்னுபோச்சுன்னியே, உனக்கு ரெண்டு பசங்க கான்வென்ட்ல படிக்கறானுங்களே, எப்புடி?"

சித்தருக்கு முதல்முறையாக மைக் வேண்டாத பொருளாகிவிட்டது. கழற்றிப் போட்டுவிட்டுப் பின்வாசலுக்கு நடந்தார். அங்கே ஏற்கெனவே பொன் நரம்பு சாத்தியவர்கள் நின்றுகொண்டிருந்தார்கள். அவர்கள் பேசியது இந்தக் கதையில் எழுதக்கூடிய பாஷையில்லை. போலீஸ் வருவதற்குள் பீரோச் சாவியை அவராகவே கொடுத்துவிட்டார்.

வெளியே வேப்பமரத்தடியில் ராஜம்மாள் மதுமதியின் கையைப் பிடித்துக்கொண்டார். "தப்புப் பண்ணிட்டேன் அம்முணி. குறிச்ச நாள்லயே உப்புச் சர்க்கரை மாத்திரலாம்." நாச்சிமுத்துவுக்குக் கண் கலங்கிவிட்டது. அவிழ்க்காத பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

கோகுல்ராஜ் பக்கத்தில் வந்தான். "எனக்கு அன்னைக்கே தெரியும் மது, அவன் டுபாக்கூருன்னு."

மதுமதி அவனை ஏற இறங்கப் பார்த்தாள். அன்று மேடையில் வராத அழுகை இப்போது வந்தது.

"உங்கம்மாவுக்குத் தெரியல, நம்புனாங்க. தெரிஞ்சதும் மேடையேறி அவன் கைய மடக்குனாங்க. உங்களுக்குத் தெரிஞ்சிருக்குது, சும்மா இருந்திருக்கறீங்க." அவள் ராஜம்மாளிடம் திரும்பினாள். "அத்த, உங்க மேல எனக்குக் கோவமில்லீங்க. ஆனா உப்புச் சர்க்கரை இப்ப வேண்டாம். இவருக்குப் பேச்சு வரட்டும், அப்பறம் பாக்கலாம்."

ராஜம்மாள் மகனைப் பார்த்தார். அவன் செல்போனைப் பார்த்தான்.

கொட்டகையில் இப்போது மறுபடி தறி ஓடுகிறது. கெங்கவல்லிப் பக்கம் காது மடலைப் பார்த்துப் போன ஜென்மம் சொல்கிற ஒருவர் கிளம்பியிருக்கிறாராம். காலையிலேயே போனால்தான் டோக்கன் கிடைக்குமாம். காதைத் தடவிக்கொண்டு பஸ் ஏறுகிறவர்களில் ஆட்டையாம்பட்டியில் கடலை உருண்டை தின்றவர்களும் உண்டு.

அவர்களுக்கு ஒரு வார்த்தை. மூளையைப் பயன்படுத்தாமலே வைத்திருந்தால் அதுவும் எச்ச உறுப்பாகிவிடும் என்று சிலர் பயமுறுத்துகிறார்கள். பயப்படாதீர்கள். பரிணாமம் அப்படி வேலை செய்வதில்லை. வாழ்நாள் முழுக்கச் சும்மா பூட்டி வைத்தாலும், உங்கள் பிள்ளைக்கு அது முழுசாகத்தான் வந்து சேரும். ஆகவே, மூளை இல்லை என்கிற சாக்கு உங்களில் ஒருவருக்கும் கிடையாது.